அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்து இறுதியாட்டம்: முதன்முறை பார்ப்பவருக்கு முழுமையான வழிகாட்டி

அமெரிக்கக் கால்பந்தை முதன்முறை பார்க்கிறவர்கள் பெரும்பாலும் ஒரே குறையைத்தான் சொல்வார்கள்: ஐந்து வினாடி ஓடுகிறார்கள், அரை நிமிடம் சும்மா நிற்கிறார்கள். அந்த அரை நிமிடத்தில் என்ன நடக்கிறது என்று தெரிந்துகொண்டால் ஆட்டம் முழுவதும் புரிந்துவிடும். இரண்டு பயிற்சியாளர்களும் எதிராளியின் மனத்தைக் கணித்து அடுத்த நகர்வைத் தீர்மானிப்பது அப்போதுதான். பந்து நகர்ந்த பிறகு நாம் பார்ப்பது அந்தத் தீர்மானத்தின் விளைவை. ஆகவே, நிற்கும் நேரத்தைப் பார்க்கப் பழகிக்கொள்ளுங்கள். கீழே சொல்லியிருக்கும் எல்லாப் படிகளும் அதற்காகவே.

பழகுவதற்கு ஓர் ஆட்டத்தைப் பரிந்துரைக்கிறேன். 2025 ஜனவரி 20 அன்று அட்லாண்டாவின் மெர்சிடிஸ் பென்ஸ் அரங்கில் ஓஹியோ ஸ்டேட் அணியும் நோட்டர் டேம் அணியும் மோதிய தேசிய இறுதியாட்டம். ஓஹியோ ஸ்டேட் 34–23 என்று வென்றது. முடிவு முன்பே தெரிந்திருப்பது கற்கிறவருக்கு நல்லது. யார் ஜெயிப்பார்கள் என்ற பதற்றம் இல்லாமல், ஒவ்வொரு முடிவும் ஏன் எடுக்கப்பட்டது என்று நிதானமாகக் கவனிக்கலாம். இந்த ஒரு பதிவை முழுதாகப் பார்த்துவிட்டால், அடுத்து வரும் எந்த ஜனவரியின் இறுதியாட்டத்தையும் நேரலையில் பின்தொடர முடியும்.

முதல் படி: நேரத்தை ஒதுக்குங்கள்

இறுதியாட்டம் ஜனவரி மாதத்தில் ஒரு திங்கட்கிழமை இரவு நடக்கும். அமெரிக்கக் கிழக்குக் கரை நேரப்படி இரவு 7:30 என்றால் இந்தியாவிலும் இலங்கையிலும் செவ்வாய் காலை 6 மணி. சிங்கப்பூரில் காலை 8:30. ஆட்ட நேரம் 15 நிமிடம் கொண்ட நான்கு கால் பகுதிகள், ஆக 60 நிமிடம்தான். ஆனால் கடிகாரம் அடிக்கடி நிற்பதாலும், நீண்ட இடைவேளையாலும், விளம்பரங்களாலும் மூன்றரை மணி நேரத்துக்கு மேல் ஆகிவிடும். அலுவலகம் போக வேண்டியவர்கள் முதல் பாதியை மட்டும் நேரலையில் பார்த்துவிட்டு மீதியை மாலையில் பதிவாகப் பார்ப்பதே மேல். கடைசி ஐந்து நிமிடத்தை மட்டும் பார்ப்பது வேண்டாம். அந்த ஐந்து நிமிடத்துக்குப் பொருள் தருவது அதற்கு முந்தைய மூன்று மணி நேரம்.

இரண்டாம் படி: இரண்டு அணிகளும் எப்படி வந்தன என்று தெரிந்துகொள்ளுங்கள்

நீண்ட காலம் இந்த விளையாட்டில் தேசிய இறுதியாட்டம் என்ற ஒன்றே கிடையாது. பத்திரிகையாளர்களும் பயிற்சியாளர்களும் தனித்தனியே வாக்களித்து சாம்பியனைத் தேர்ந்தெடுத்தார்கள். 1997 பருவத்தில் ஒரு வாக்கெடுப்பு மிச்சிகனையும் மற்றொன்று நெப்ராஸ்காவையும் முதலிடத்தில் வைத்தது. இரண்டு அணிகளும் மோதவே இல்லை. 1998 தொடங்கி, தரவரிசையில் முதல் இரண்டு இடங்களில் இருக்கும் அணிகளை மோதவிட்டார்கள். 2014 முதல் நான்கு அணிகள், 2024 முதல் பன்னிரண்டு அணிகள் என்று போட்டி விரிந்தது.

பன்னிரண்டில் ஐந்து இடங்கள் மாநாடுகள் எனப்படும் பிராந்தியக் கூட்டமைப்புகளின் சாம்பியன்களுக்கு. மீதி ஏழையும் தேர்வுக் குழு நிரப்பும். 2024 பருவத்தில் முதல் நான்கு தரவரிசை பெற்ற சாம்பியன்கள் முதல் சுற்றில் ஆடாமலே காலிறுதிக்கு வந்தார்கள். ஆரிகான், ஜார்ஜியா, அரிசோனா ஸ்டேட், பாய்சி ஸ்டேட் என்ற அந்த நான்கு அணிகளும் காலிறுதியிலேயே தோற்றுப்போயின.

இறுதிக்கு வந்த இரண்டு அணிகளுமே அந்தப் பருவத்தின் நடுவில் கைகழுவப்பட்டவை. நோட்டர் டேம் 2024 செப்டம்பரில் தன் சொந்த மைதானத்திலேயே நார்தர்ன் இல்லினாய் என்ற எளிய அணியிடம் 16–14 என்று தோற்றது. ஓஹியோ ஸ்டேட் நவம்பர் 30 அன்று பரம வைரியான மிச்சிகனிடம் 13–10 என்று தோற்றது; மிச்சிகனிடம் அது தொடர்ச்சியாக நான்காவது தோல்வி. பயிற்சியாளர் ரயன் டேயை நீக்க வேண்டும் என்று சொந்த ரசிகர்களே குரல் எழுப்பினார்கள். பழைய முறையில் இந்தத் தோல்விகளோடு இரண்டு அணிகளின் கதையும் முடிந்திருக்கக்கூடும். பன்னிரண்டு அணிகளுக்கு இடம் கிடைத்ததால் அவை தப்பின. ஓஹியோ ஸ்டேட் எட்டாம் இடத்திலிருந்து கிளம்பி டென்னசி, ஆரிகான், டெக்சஸ் மூன்றையும் வீழ்த்தியது. நோட்டர் டேம் இண்டியானா, ஜார்ஜியா, பென் ஸ்டேட் மூன்றையும் தாண்டி வந்தது.

நோட்டர் டேமின் பயிற்சியாளர் மார்க்கஸ் ஃப்ரீமனையும் கவனியுங்கள். தேசிய இறுதிக்கு ஓர் அணியை அழைத்து வந்த முதல் கறுப்பினத் தலைமைப் பயிற்சியாளர் அவர். தாயார் கொரியாவைச் சேர்ந்தவர். மாணவராக இருந்தபோது அவர் ஆடியது எதிர்ப்பக்கத்து ஓஹியோ ஸ்டேட் அணிக்கு.

மூன்றாம் படி: நான்கு வாய்ப்புகள், பத்து யார்டு

மைதானம் 100 யார்டு நீளம். இரு முனைகளிலும் 10 யார்டு ஆழத்துக்கு எண்ட் சோன் என்ற பகுதி. பந்தை அங்கே கொண்டுசேர்த்தால் டச் டவுன், 6 புள்ளி. பக்கத்துக்கு 11 பேர். தாக்குவதற்கு ஒரு குழு, தடுப்பதற்கு வேறொரு குழு. பந்து கைமாறினால் ஆட்களும் மாறிவிடுவார்கள்.

தாக்கும் அணிக்கு நான்கு வாய்ப்புகள் உண்டு. ஒவ்வொன்றுக்கும் டவுன் என்று பெயர். நான்குக்குள் 10 யார்டு முன்னேறினால் மறுபடி நான்கு புதிய வாய்ப்புகள். முன்னேறாவிட்டால் பந்து எதிரணிக்கு. நடைமுறையில் மூன்று முயற்சிகளில் முடியாவிட்டால் நான்காவதில் பந்தைத் தொலைவுக்கு உதைத்துவிடுவார்கள்; எதிரணி பின்னால் இருந்து தொடங்கட்டும் என்று. அது பன்ட். எண்ட் சோனுக்குப் பின்னால் நிற்கும் கோல் கம்பங்களுக்கு நெருங்கியிருந்தால், அவற்றின் நடுவே பந்தை உதைத்து 3 புள்ளி எடுப்பார்கள். அது ஃபீல்டு கோல்.

திரையின் மூலையில் எப்போதும் இரண்டு எண்கள் தெரியும். முதல் எண் எத்தனையாவது டவுன் என்பது. இரண்டாவது இன்னும் எத்தனை யார்டு வேண்டும் என்பது. ஒவ்வொரு ஆட்டத்துண்டுக்கும் (பந்து நகரத் தொடங்கி நிற்கும் வரையிலான ஒரு முயற்சிக்கும்) முன்னால் உங்கள் கண் முதலில் அங்கே போக வேண்டும். முதல் டவுனில் 10 யார்டு என்றால் எதுவும் நடக்கலாம். மூன்றாவது டவுனில் 2 யார்டு என்றால் பந்தைத் தூக்கிக்கொண்டு முட்டி மோதி ஓடவும் செய்யலாம், சிறிதாக வீசவும் செய்யலாம், தடுப்பவர்களுக்குக் குழப்பம். மூன்றாவது டவுனில் 11 யார்டு என்றால் வீசியே தீர வேண்டும் என்பது அரங்கில் எல்லாருக்கும் தெரியும். பிறகு வேண்டிய தூரத்தைக் குறிக்கும் மஞ்சள் கோட்டைப் பாருங்கள். மைதானத்தில் அப்படி ஒரு கோடு கிடையாது; 1998 முதல் ஒளிபரப்பில் கணினி வரைவது. இந்த விளையாட்டின் பார்வையாளருக்கு இதைவிட உதவியான கண்டுபிடிப்பு வேறு எதுவும் இல்லை என்பது என் எண்ணம்.

நான்காம் படி: பந்து நகரும் முன் எங்கே பார்க்க வேண்டும்

இது சற்று உழைப்பைக் கேட்கும் படி. ஒரே நாளில் எல்லாம் பிடிபடாது. முதல் கால் பகுதியில் ஒன்று, இரண்டாவதில் மற்றொன்று என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் குவார்ட்டர்பேக். தாக்கும் அணியின் நடுவில் நின்று பந்தை வாங்கி ஓடுவதா, கொடுப்பதா, வீசுவதா என்று முடிவெடுப்பவர். பந்து வருவதற்கு முன் அவர் கையை நீட்டி எதிரே யாரையோ சுட்டிக்காட்டுவார், கத்துவார், தன் பக்கத்து ஆட்களை இடம் மாற்றுவார். 2024 முதல் உயர்நிலைக் கல்லூரி ஆட்டங்களில் பயிற்சியாளர் அவரது தலைக்கவசத்துக்குள் நேரடியாகப் பேச முடியும்; ஆனால் ஆட்டத்துண்டு தொடங்குவதற்குக் கடிகாரத்தில் 15 வினாடி இருக்கும்போது அந்தத் தொடர்பு துண்டிக்கப்படும். அதன் பிறகு அந்த இளைஞன் தனியாள். அந்தக் கடைசி வினாடிகளில் அவன் கண் எங்கே போகிறது என்று பாருங்கள்.

பெரும்பாலும் அது சேஃப்டிகள் மீது போகும். தடுக்கும் பக்கத்தில் எல்லாருக்கும் பின்னால் நிற்கும் இரண்டு காவலர்கள் அவர்கள். இருவருமே ஆழத்தில் நின்றால் நீளமான வீச்சு கடினம். ஆனால் முன்னால் ஆள் குறைவு, ஓடுவது எளிது. ஒருவர் முன்னேறி வந்தால் ஓட்டத்தைத் தடுக்க ஆள் கூடுகிறது; பின்னால் இடம் காலியாகிறது. தடுப்பின் கணக்கு முழுவதும் இந்தக் கொடுக்கல் வாங்கலில் அடங்கும். எங்கும் நிறைவாக நிற்க 11 பேர் போதாது.

வழக்கமான காட்சிக் கோணத்தில் சேஃப்டிகள் பல நேரம் திரைக்கு வெளியே இருப்பார்கள். இறுதியாட்டத்தை இஎஸ்பிஎன் தொலைக்காட்சி ஒரே நேரத்தில் பல வகைக் காட்சிகளாகத் தருவது வழக்கம். மைதானத்தை மேலிருந்தோ பின்னாலிருந்தோ காட்டும் அலைவரிசை உங்களுக்குக் கிடைத்தால் ஒரு கால் பகுதியாவது அதில் பாருங்கள்.

அடுத்து, தாக்கும் பக்கத்தின் முன்வரிசையில் நிற்கும் ஐந்து பெரிய உடல்காரர்கள். புள்ளிப் பட்டியலில் இவர்கள் பெயர் வராது. பந்து நகர்ந்ததும் இவர்கள் முன்னே பாய்ந்தால் அது ஓட்டம்; பின்வாங்கி அரண் அமைத்தால் வீச்சு. பந்தைத் தேடாமல் இந்த ஐவரைப் பார்த்தாலே போதும், என்ன நடக்கிறது என்று அரை வினாடி முன்னதாகத் தெரிந்துவிடும்.

நோட்டர் டேமின் முதல் தாக்குதலில் இதைப் பயிற்சி செய்யலாம். ஓர் அணியிடம் பந்து வந்ததிலிருந்து அது கைமாறும் வரை ஒரு தாக்குதல். 18 ஆட்டத்துண்டுகள், 75 யார்டு, 9 நிமிடம் 45 வினாடி. குவார்ட்டர்பேக் ரைலி லியானார்ட் தானே பந்தைத் தூக்கிக்கொண்டு திரும்பத் திரும்ப மோதினார்; கடைசி ஒரு யார்டையும் அவரே கடந்தார்; டச் டவுனுக்குப் பிந்தைய உதையின் 1 புள்ளியும் சேர்ந்து 7–0 ஆனது. ஓஹியோ ஸ்டேட்டின் வலிமையான தாக்குதல் குழுவை மைதானத்துக்குள்ளேயே வரவிடாமல் ஓரத்தில் உட்காரவைக்கும் திட்டம் அது. ஆனால் அதற்காக லியானார்டின் உடல் கொடுத்த விலை பெரிது. அடுத்தடுத்த தாக்குதல்களில் அந்த வேகம் இல்லை.

எதிர்ப்பக்கத்தில் ஓஹியோ ஸ்டேட் குவார்ட்டர்பேக் வில் ஹவர்ட் தன் முதல் 13 வீச்சுகளையும் குறி தவறாமல் சேர்த்தார். முதல் நான்கு தாக்குதல்களும் டச் டவுனில் முடிந்தன. முதல் டச் டவுனைப் பிடித்த ஜெரமையா ஸ்மித் முதலாம் ஆண்டு மாணவர். இவர்மீது எல்லாரும் கண் வைத்திருந்ததால் மற்றவர்களுக்கு இடம் கிடைத்தது. குவின்ஷான் ஜட்கின்ஸ் மூன்று டச் டவுன் எடுத்தார். இரண்டாம் பாதியின் தொடக்கத்தில் அவர் ஓடிய 70 யார்டு ஓட்டத்தை மெதுவாகத் திருப்பிப் போட்டுப் பாருங்கள். வழி எங்கே திறக்கிறது, அதைத் திறப்பவர் யார் என்பது தெரியும்.

ஐந்தாம் படி: புள்ளிப் பலகையை எட்டு எட்டாகப் படியுங்கள்

டச் டவுன் எடுத்ததும் அணிக்கு ஒரு தேர்வு உண்டு. உதைத்து 1 புள்ளி எடுக்கலாம். அல்லது கோட்டருகிலிருந்து மறுபடி எண்ட் சோனுக்குள் பந்தைச் சேர்த்து 2 புள்ளி எடுக்கலாம். உதைப்பது ஏறக்குறைய உறுதி. இரண்டாவது பாதிக்குப் பாதி வாய்ப்புள்ள சூதாட்டம். ஆக, ஒரு தாக்குதலில் கிடைக்கக்கூடிய அதிகபட்சம் 8 புள்ளி. வித்தியாசத்தை எட்டால் வகுத்துப் பாருங்கள்: 8 வரை ஒரு தாக்குதல், 16 வரை இரண்டு, 24 வரை மூன்று. வர்ணனையாளர்கள் பேசுவதும் பயிற்சியாளர்கள் யோசிப்பதும் இந்தக் கணக்கில்தான்.

மூன்றாம் கால் பகுதியில் 28–7 என்று பின்தங்கிய நோட்டர் டேம் பன்ட் அடிப்பதுபோல் பாவனை காட்டி வீசிப் பார்த்தது, பலிக்கவில்லை. ஓஹியோ ஸ்டேட் அதை ஃபீல்டு கோலாக மாற்றி 31–7 என்றாக்கியது. 24 புள்ளி வித்தியாசம். மூன்று தாக்குதல், மூன்றிலும் 8 புள்ளி, ஒன்றுகூடத் தவறக் கூடாது. நோட்டர் டேம் முதலாவதை எடுத்தது: ஜேடன் கிரேட்ஹவுஸ் டச் டவுன், கூடவே 2 புள்ளி, 31–15.

இப்போது வருவதுதான் அந்த ஆட்டத்தின் மிகச் சிறந்த விவாதப் பொருள். கடைசிக் கால் பகுதியில் நோட்டர் டேம் எதிரணிக் கோட்டுக்கு 9 யார்டு தொலைவில் நான்காவது டவுனில் நின்றது. வித்தியாசம் 16. ஃப்ரீமன் ஃபீல்டு கோல் உதைக்கச் சொன்னார். 3 புள்ளி கிடைத்தால் வித்தியாசம் 13 ஆகும். அப்போதும் இரண்டு டச் டவுன் தேவைதான். பிறகு எதற்கு? அவர் பக்கத்திலும் நியாயம் உண்டு: 13 என்றால் இரண்டு டச் டவுனும் எளிய உதைகளும் போதும், 14 புள்ளியோடு வென்றுவிடலாம். 16 என்றால் இரண்டு டச் டவுனோடு இரண்டு சூதாட்டங்களும் பலிக்க வேண்டும். பலித்தாலும் சமன் மட்டுமே. எதிர்வாதமும் வலுவானது: நேரம் குறைந்துகொண்டிருக்கும்போது 9 யார்டு அருகில் வந்துவிட்ட வாய்ப்பை 3 புள்ளிக்கு விற்பதா? நான் இரண்டாவது கட்சி. உதைக்கப்பட்ட பந்து இடதுபக்கக் கம்பத்தில் பட்டு வெளியே போனதால் விவாதம் இன்னும் கூர்மையாகிவிட்டது. நீங்கள் அந்த இடத்தில் பதிவை நிறுத்திவிட்டு, முடிவை மறந்து, என்ன செய்திருப்பீர்கள் என்று யோசியுங்கள்.

அதன் பிறகும் நோட்டர் டேம் விடவில்லை. கிரேட்ஹவுஸ் மறுபடி ஒரு டச் டவுன், மறுபடி 2 புள்ளி. 31–23. நான்கு நிமிடத்துக்குச் சற்று அதிகமாக நேரம் மீதி.

ஆறாம் படி: கடிகாரம் ஓடுகிறதா, நிற்கிறதா?

ஆள் மைதானத்துக்குள்ளேயே வீழ்த்தப்பட்டால் கடிகாரம் ஓடிக்கொண்டிருக்கும். வீசிய பந்து யார் கையிலும் சிக்காமல் தரையில் விழுந்தால் நிற்கும். முன்னிலையில் இருப்பவர்கள் ஓடி ஓடி நேரத்தைக் கரைப்பதும், பின்தங்கியவர்கள் வீசி வீசி நேரத்தைச் சேமிப்பதும் இதனால். கடிகாரத்தை நிறுத்தக் கேட்கும் டைம் அவுட் ஒவ்வொரு அணிக்கும் ஒரு பாதிக்கு மூன்று உண்டு. ஒவ்வொரு பாதியிலும் கடைசி இரண்டு நிமிடத்தில் கடிகாரம் தானாக ஒருமுறை நிறுத்தப்படும். 2024-இல் வந்த ஏற்பாடு இது.

இந்தக் கணக்கோடு ஓஹியோ ஸ்டேட்டின் கடைசித் தாக்குதலைப் பாருங்கள். 31–23. மூன்றாவது டவுன், 11 யார்டு. ஓடினால் கடிகாரம் கரையும், அல்லது நோட்டர் டேம் தன் டைம் அவுட்டைச் செலவழிக்கும். பிறகு பன்ட் அடித்து எதிரணியைத் தொலைவிலிருந்து தொடங்கவைக்கலாம். பாதுகாப்பான வழி அது. வீசினால், அது தவறினால் கடிகாரம் நிற்கும், நோட்டர் டேமுக்குச் சமன் செய்யப் போதிய நேரமும் கிடைக்கும். பயிற்சியாளர் டே வீசச் சொன்னார். ஸ்மித்தை அப்போது ஒரே ஒருவர்தான் காத்தார். ஹவர்ட் உயர்த்தி வீசிய பந்தை ஸ்மித் ஓடிப்போய்ப் பிடித்தார்: 56 யார்டு. பிறகு ஒரு ஃபீல்டு கோல், 34–23, 26 வினாடி மீதி. வித்தியாசம் 11, எட்டைத் தாண்டிவிட்டது. மிச்சிகன் தோல்விக்குப் பின் மிகவும் எச்சரிக்கையாக ஆட்டத்தை நடத்துகிறார் என்று பழிக்கப்பட்ட பயிற்சியாளர் எடுத்த முடிவு என்பதை நினைவில் வைத்துப் பார்த்தால் அந்த ஒரு வீச்சின் எடை புரியும்.

ஏழாம் படி: கல்லூரி விதிகள் சில

என்எஃப்எல் தொழில்முறை ஆட்டங்களைப் பார்த்துப் பழகியவர்களுக்கு மூன்று வித்தியாசங்கள் போதும். பந்தைப் பிடிப்பவரின் ஒரு கால் எல்லைக்குள் பட்டால் போதும். தொழில்முறையில் இரண்டும் பட வேண்டும். ஓடுபவர் தானாக வழுக்கி முழங்கால் தரையில் பட்டாலே ஆட்டத்துண்டு முடிந்தது. யாரும் தொட வேண்டியதில்லை. தலைக்கவச உச்சியால் எதிராளியைக் குறிவைத்துப் பலமாக மோதினால் வெளியேற்றம்.

சமனில் முடிந்தால் கூடுதல் நேரம் முற்றிலும் வேறு மாதிரி. உதைத்துத் தொடங்குவது கிடையாது. இரண்டு அணிகளும் எதிரணிக் கோட்டுக்கு 25 யார்டு தொலைவிலிருந்து ஆளுக்கொரு தாக்குதல் நடத்தும். 2018 ஜனவரி 8 அன்று இதே அட்லாண்டா அரங்கில் அலபாமாவும் ஜார்ஜியாவும் மோதிய இறுதியாட்டம் அப்படித்தான் முடிந்தது. ஜார்ஜியா முதலில் 3 புள்ளி எடுத்தது. இடைவேளைக்குப் பிறகு களமிறக்கப்பட்ட முதலாம் ஆண்டு மாணவர் டூவா டாகோவைலோவா முதல் முயற்சியில் 16 யார்டு இழந்தார். இரண்டாவது டவுனில் 26 யார்டு வேண்டும் என்ற நிலையில் 41 யார்டு வீசி, டெவோன்டா ஸ்மித் பிடித்து, 26–23 என்று ஆட்டத்தை முடித்தார். முதல் பதிவைப் பார்த்து முடித்தவர்களுக்கு இரண்டாவது பாடமாக இதைச் சொல்வேன்.

எட்டாம் படி: அரங்கத்தைக் கேளுங்கள்

இடைவேளையில் குளிக்கப் போய்விடாதீர்கள். கல்லூரி ஆட்டத்தின் பாதி உயிர் மாணவர் இசைக்குழுக்களிடம் இருக்கிறது. ஓஹியோ ஸ்டேட் இசைக்குழு பித்தளைக் குழல்களும் தாள வாத்தியங்களும் மட்டுமே கொண்டது. 1936 முதல் அவர்கள் மைதானத்தில் நடந்தபடியே ஓஹியோ என்ற பெயரைக் கூட்டெழுத்தில் எழுதிக்காட்டுகிறார்கள். அதில் ஓர் எழுத்துக்குப் புள்ளி வைக்கும் பெருமை சூசஃபோன் என்ற பெரிய குழல் வாசிக்கும் மூத்த மாணவருக்கு. தலைக்கவசங்களையும் பாருங்கள். நோட்டர் டேமின் தங்க நிறம் அவர்களது வளாகத்தின் பொற்கூரைக் கோபுரத்திலிருந்து வந்தது. ஓஹியோ ஸ்டேட் கவசங்களில் ஒட்டியிருக்கும் சிறு இலைகள் நன்றாக ஆடியதற்குக் கிடைத்த பரிசுகள். பருவம் முடியும்போது சில கவசங்களில் வெள்ளி நிறமே மறைந்துபோகும்.

கடைசிப் படி: பெயர்களைப் பின்தொடருங்கள்

இப்போது கல்லூரி ஆட்டக்காரர்கள் எளிதில் கல்லூரி மாறலாம். 2021 முதல் தங்கள் பெயரையும் முகத்தையும் வைத்துப் பணம் ஈட்டவும் அனுமதி உண்டு. ஹவர்ட் கேன்சஸ் ஸ்டேட்டிலிருந்தும், ஜட்கின்ஸ் மிசிசிப்பியிலிருந்தும், லியானார்ட் டியூக்கிலிருந்தும் அந்த ஒரு பருவத்துக்காக வந்தவர்கள். இது விளையாட்டைக் கெடுத்துவிட்டது என்பவர்கள் பலர். இலட்சக்கணக்கானோர் டிக்கெட் வாங்கிப் பார்க்கும் ஆட்டத்தில் ஆடுகிறவனுக்கு மட்டும் எதுவும் கிடையாது என்றிருந்த காலத்தைவிட இது நேர்மையானது என்பது என் கருத்து.

ஆட்டம் முடிந்ததும் ஏப்ரலில் நடக்கும் என்எஃப்எல் தேர்வைப் பாருங்கள்; தொழில்முறை அணிகள் கல்லூரி ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுப்பது அதில்தான். 2025 தேர்வில் ஓஹியோ ஸ்டேட்டிலிருந்து மட்டும் 14 பேர் எடுக்கப்பட்டார்கள். ஜட்கின்ஸ் கிளீவ்லாந்துக்கும், ஹவர்ட் பிட்ஸ்பர்குக்கும், லியானார்ட் இண்டியானாபொலிசுக்கும் போனார்கள். ஜெரமையா ஸ்மித் மட்டும் போக முடியவில்லை. உயர்நிலைப் பள்ளி முடித்து மூன்று ஆண்டு ஆகாதவர்களை என்எஃப்எல் எடுப்பதில்லை. அவருக்கு அந்தக் கதவு திறப்பது 2027-இல்.